கேம் எந்த மானிட்டரில் ஓடணும்? அதை முடிவு செய்ய வேண்டியது யார்?

வலது பக்கம் இஎம்ஐ போட்டு வாங்கிய 27 இன்ச், 144 ஹெர்ட்ஸ் மானிட்டர். இடது பக்கம் ஆபீஸ் வேலைக்காக வைத்திருக்கும் பழைய 19 இன்ச் மானிட்டர். வெள்ளிக்கிழமை ராத்திரி வேலையெல்லாம் முடித்துவிட்டு கேமை கிளிக் பண்ணினால், அது நேராகப் போய் அந்த 19 இன்ச்சில் உட்கார்ந்துகொள்கிறது. மவுஸால் இழுத்துப் பார்த்தால் வராது. கேமுக்குள் போய் செட்டிங்ஸைத் தேடினால் நிழலின் தரத்துக்கு நாலு ஆப்ஷன், புல்லின் அடர்த்திக்கு ஒரு ஆப்ஷன், சப்டைட்டில் எழுத்தின் அளவுக்கு ஒரு ஆப்ஷன் என வரிசையாக இருக்கும். 'எந்த மானிட்டர்?' என்ற ஒற்றைக் கேள்வி மட்டும் பல கேம்களில் இருக்காது.

எல்லா கேமும் இப்படி இல்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். 2015-ல் கம்ப்யூட்டருக்கு வந்த ஜிடிஏ 5-ன் கிராபிக்ஸ் செட்டிங்ஸில் 'அவுட்புட் மானிட்டர்' என்று தனியாகவே ஒரு வரி உண்டு. சைபர்பங்க் 2077-லும் வீடியோ செட்டிங்ஸில் மானிட்டரைத் தேர்வு செய்யலாம். அதாவது இது செய்ய முடியாத வேலை இல்லை. சிலர் செய்கிறார்கள், பலர் செய்வதில்லை, அவ்வளவுதான். அதனால்தான் கேட்கத் தோன்றுகிறது: என் மேஜை, என் மானிட்டர், என் காசு. கேம் எதில் ஓட வேண்டும் என்பது மட்டும் ஏன் யாரோ ஒரு டெவலப்பரின் மனசைப் பொறுத்த விஷயமாக இருக்கு?

ஏன் எப்போதும் அதே ஸ்கிரீன்?

விண்டோஸின் பார்வையில் உங்கள் மேஜையில் இருக்கும் மானிட்டர்கள் எல்லாம் சேர்ந்து ஒரே பெரிய புள்ளிக் கோலம். ஒவ்வொரு பிக்ஸலும் ஒரு புள்ளி. கோலத்தை எங்கிருந்து எண்ணத் தொடங்குவது என்று ஒரு புள்ளி வேண்டுமே? அதற்காக ஒரு மானிட்டரை 'மெயின் டிஸ்ப்ளே' என்று விண்டோஸ் குறித்து வைத்துக்கொள்கிறது. அந்த மானிட்டரின் மேல் இடது மூலைதான் பூஜ்ஜியம், பூஜ்ஜியம். அதற்கு வலப்பக்கம் இருக்கும் மானிட்டர், மெயினின் அகலம் 1920 பிக்ஸல் என்றால், 1920-லிருந்து தொடங்கும். இடப்பக்கம் இருந்தால் மைனஸ் எண்களில் போகும்.

கேம் தொடங்கும்போது 'எந்த ஸ்கிரீன்?' என்று தனியாகக் கேட்காமல் எழுதப்பட்டிருந்தால், அது பிடிப்பது பெரும்பாலும் இந்தப் பூஜ்ஜியப் புள்ளி இருக்கும் மானிட்டரைத்தான். உங்கள் இன்னொரு மானிட்டர் பெரியதா, வேகமானதா, நீங்கள் எதன் முன்னால் உட்கார்ந்திருக்கிறீர்கள் என்பதெல்லாம் அதற்குத் தெரியாது. பழைய டைரக்ட்எக்ஸ் 9 காலத்தில் இது இன்னும் வெளிப்படை. டெவலப்பர் 'டீஃபால்ட்' என்று எழுதினால் அதன் மதிப்பு பூஜ்ஜியம், பூஜ்ஜியம் என்றால் மெயின் மானிட்டர். கோடு எழுதுபவருக்கு ஒரு வரி மிச்சம். அந்த ஒரு வரிக்காக நாம் கழுத்தைத் திருப்பி வைத்துக்கொண்டு விளையாட வேண்டியிருக்கிறது.

இன்னொரு குழப்பமும் உண்டு. விண்டோஸ் செட்டிங்ஸில் 'ஐடென்டிஃபை' அழுத்தினால் ஸ்கிரீனில் 1, 2 என்று பெரிதாக எண் தெரியும் இல்லையா? கேமுக்குள் வரும் மானிட்டர் எண் அதுவாகத்தான் இருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. சில கேம்கள் பூஜ்ஜியத்திலிருந்து எண்ணும், சில ஒன்றிலிருந்து. இரண்டையும் போட்டுப் பார்த்துவிடுவதுதான் சீக்கிரமான வழி.

ஃபுல்ஸ்கிரீன் என்றால் எந்த ஃபுல்ஸ்கிரீன்?

இங்கே ஒரு பழைய நியாயம் இருந்தது. 'எக்ஸ்குளூசிவ் ஃபுல்ஸ்கிரீன்' முறையில் கேம் ஒரு மானிட்டரை முழுசாகத் தன் கைக்குள் எடுத்துக்கொள்ளும். டெஸ்க்டாப்பையே ஓரமாகத் தள்ளிவிட்டு, ரெசல்யூஷன் முதல் ரெஃப்ரெஷ் ரேட் வரை எல்லாம் அதன் கட்டுப்பாட்டில். வேகத்துக்காக அப்படிச் செய்தார்கள். அதனால்தான் அந்த முறையில் ஓடும் கேமை மவுஸால் இழுக்க முடியாது, ஆல்ட் டேப் அடித்தால் ஸ்கிரீன் ஒரு நொடி கறுத்துப் போகும்.

'பார்டர்லெஸ்' என்பது வேறு. அது உண்மையில் ஓரக் கோடு இல்லாத ஒரு சாதாரண விண்டோ, மானிட்டர் அளவுக்கு விரித்து வைக்கப்பட்டது. அதை இடம் மாற்றுவது சுலபம். முன்பு இதில் கொஞ்சம் தாமதம் கூடும் என்பார்கள். விண்டோஸ் 10 வந்த பிறகு அந்த வித்தியாசம் பெரும்பாலும் கரைந்துவிட்டது. பல கேம்களில் நீங்கள் ஃபுல்ஸ்கிரீன் என்று தேர்வு செய்தாலும், உள்ளுக்குள் விண்டோஸ் அதை பார்டர்லெஸ் போலத்தான் நடத்துகிறது. ஆக, 'கேம் மானிட்டரைப் பூட்டி வைத்திருக்கு, நகர்த்த முடியாது' என்ற பழைய சாக்கு இன்றைக்கு அவ்வளவாகச் செல்லாது.

பார்டர்லெஸ்ஸிலும் ஒரு தொல்லை உண்டு, மறைக்க வேண்டாம். ஸ்கிரீன் ஓரத்துக்கு மவுஸைக் கொண்டுபோனால் மேப் நகரும் வகை கேம்களில், மவுஸ் பக்கத்து மானிட்டருக்குத் தப்பி ஓடிவிடும். அங்கே தெரியாமல் ஒரு கிளிக் விழுந்தால் சண்டை நடுவில் கேம் பின்னால் போய்விடும். மவுஸைப் பூட்டும் ஆப்ஷனையும் தராத கேம் என்றால் இரண்டு மடங்கு எரிச்சல்.

சரி, இப்போதைக்கு என்ன பண்றது?

முதலில் இதை முயற்சி செய்யுங்கள். கேம் ஓடும்போது ஆல்ட், என்டர் இரண்டையும் சேர்த்து அழுத்துங்கள். பல கேம்கள் ஃபுல்ஸ்கிரீனிலிருந்து சின்ன விண்டோவாக மாறும். பிறகு விண்டோஸ் கீ, ஷிஃப்ட் இரண்டையும் பிடித்துக்கொண்டு இடது அல்லது வலது அம்புக்குறியைத் தட்டினால் அந்த விண்டோ அடுத்த மானிட்டருக்குத் தாவும். அங்கே போனதும் மறுபடி ஆல்ட் என்டர். விண்டோ எந்த மானிட்டரில் அதிகம் இருக்கிறதோ அதையே ஃபுல்ஸ்கிரீனுக்கு எடுத்துக்கொள்வது டைரக்ட்எக்ஸின் வழக்கம் என்பதால், நிறைய கேம்களில் இந்த மூன்று தட்டலே போதும். ஆல்ட் என்டர் வேலை செய்யவில்லை என்றால் கேமின் செட்டிங்ஸில் பார்டர்லெஸ் அல்லது விண்டோட் என்று மாற்றிவிட்டு அதே அம்புக்குறி வித்தையைச் செய்யலாம். மாற்றிய இடத்தை அடுத்த முறை நினைவில் வைத்திருக்குமா என்பது கேமுக்கு கேம் மாறும்.

யூனிட்டி எஞ்சினில் செய்த கேம் என்றால் இன்னொரு வழி இருக்கிறது. இண்டி கேம்களில் பல யூனிட்டியில் செய்தவைதான். ஸ்டீமில் கேம் பெயர் மேல் ரைட் கிளிக் செய்து, 'ப்ராப்பர்ட்டீஸ்' போனால் 'லாஞ்ச் ஆப்ஷன்ஸ்' என்று ஒரு காலிப் பெட்டி இருக்கும். அதில் ஒரு கழித்தல் குறி, அதை ஒட்டி மானிட்டர் என்ற ஆங்கிலச் சொல் சின்ன எழுத்தில், ஒரு இடைவெளி, பிறகு 2 என்று டைப் செய்தால் இரண்டாவது மானிட்டரில் திறக்கும். யூனிட்டி இதை ஒன்றிலிருந்து எண்ணுகிறது.

யூனிட்டியைப் பற்றி ஒரு பழைய கணக்கு பாக்கி இருக்கிறது. முன்பு யூனிட்டி கேம்களைத் திறந்ததும் ஒரு குட்டிப் பெட்டி வரும், ஞாபகம் இருக்கா? ரெசல்யூஷன், கிராபிக்ஸ் தரம், கூடவே 'செலக்ட் மானிட்டர்'. பார்க்க அழகாக இருக்காது, அரசு ஆபீஸ் படிவம் மாதிரிதான் இருக்கும். ஆனால் கேட்க வேண்டிய கேள்வியைக் கேம் தொடங்குவதற்கு முன்பே கேட்டது. 2019 வாக்கில் வந்த பதிப்புகளில் அந்தப் பெட்டியை எடுத்துவிட்டார்கள். டெவலப்பர்கள் தங்கள் மெனுவுக்குள் அழகாகச் செய்துகொள்ளட்டும் என்பது ஏற்பாடு. ரெசல்யூஷனையும் தரத்தையும் மெனுவுக்குள் கொண்டுவந்த பலர், மானிட்டரை மட்டும் வழியிலேயே விட்டுவிட்டார்கள்.

மேலே சொன்ன எதுவும் எடுபடவில்லை என்றால் கடைசி ஆயுதம்: விண்டோஸ் செட்டிங்ஸில் சிஸ்டம், டிஸ்ப்ளே போய், வேண்டிய மானிட்டரைத் தேர்வு செய்து, 'மேக் திஸ் மை மெயின் டிஸ்ப்ளே' என்பதை டிக் செய்வது. பெரும்பாலும் இது வேலை செய்யும். ஆனால் டெஸ்க்டாப்பில் இருக்கும் ஐகான்கள் எல்லாம் இடம் மாறும், மற்ற ஆப்களும் இனி அங்கேயே திறக்கும். திங்கட்கிழமை காலையில் மறுபடி மாற்ற வேண்டும். ஒரு கேமுக்காக வீட்டையே புரட்டிப் போடுகிற கதை. இணையத்தில் பலரும் இதைத்தான் முதல் தீர்வாகச் சொல்கிறார்கள். என்னைக் கேட்டால் இது கடைசியாக இருக்க வேண்டியது.

இதையெல்லாம் நோண்டும்போது மனதில் வைக்க வேண்டிய ஒன்று. ஸ்டீமில் வாங்கிய கேமை 14 நாட்களுக்குள், 2 மணி நேரத்துக்கும் குறைவாக விளையாடியிருந்தால் திருப்பிக் கொடுத்துப் பணம் வாங்கலாம். கேம் திறந்திருக்கும் நேரம் எல்லாம் அந்த 2 மணி நேரக் கணக்கில்தான் சேரும், நீங்கள் செட்டிங்ஸைத் தேடிக்கொண்டிருந்த நேரம் உட்பட.

இது வசதிக் குறைச்சல் மட்டும் இல்லை

'ரெண்டு மானிட்டர் வச்சிருக்கறவனோட கவலை, இதுக்கு ஒரு கட்டுரையா?' என்று தோன்றலாம். நியாயமான கேள்விதான். ஆனால் இதில் அதிகம் மாட்டிக்கொள்பவர்கள் காசு உள்ளவர்கள் இல்லை.

லேப்டாப் ஸ்கிரீன் உடைந்துபோன ஒரு காலேஜ் மாணவரை எடுத்துக்கொள்ளுங்கள். புது பேனல் போட ஆகும் செலவைக் கேட்டுவிட்டு, வீட்டு டிவியையோ, செகண்ட் ஹேண்டில் வாங்கிய மானிட்டரையோ எச்டிஎம்ஐ கேபிளில் இணைத்து ஓட்டிக்கொண்டிருப்பார். உடைந்த பேனலில் படம் வராவிட்டாலும், லேப்டாப்பைப் பொறுத்தவரை அது இன்னும் உயிரோடு இருக்கும் மெயின் டிஸ்ப்ளேதான். கேம் போய் அங்கே திறக்கும். சத்தம் மட்டும் கேட்கும், படம் இருட்டில். அவருக்கான வழி விண்டோஸ் கீயோடு பி அழுத்தி, 'செகண்ட் ஸ்கிரீன் ஒன்லி' தேர்வு செய்வது. பட்டியலில் அது கடைசி ஆப்ஷன். அதைச் செய்துவிட்டால் உடைந்த பேனல் கணக்கிலிருந்தே போய்விடும். இது தெரியாமல் 'கேம் ஓடவே மாட்டேங்குது, கிராபிக்ஸ் கார்டு போச்சு போல' என்று சர்வீஸ் கடைக்கு அலைவது எவ்வளவு வீண்.

வொர்க் ஃப்ரம் ஹோம் ஆட்கள் அடுத்து. ஒரே மானிட்டரில் ஆபீஸ் லேப்டாப்பும் சொந்த கம்ப்யூட்டரும் இரண்டு கேபிளில் இணைந்திருக்கும். மானிட்டரின் பட்டனை அழுத்தி ஆபீஸ் லேப்டாப்புக்கு மாற்றியிருப்பீர்கள். ஆனால் சொந்த கம்ப்யூட்டருக்கு அது தெரியாது. கேபிள் இணைந்தே இருப்பதால் அந்த மானிட்டர் இன்னும் தன்னுடையது என்றே பல நேரம் நினைத்துக்கொண்டிருக்கும். நீங்கள் பார்க்க முடியாத இடத்தில் கேம் ஜோராக ஓடிக்கொண்டிருக்கும். ஆஃப் செய்து வைத்திருக்கும் டிவி எச்டிஎம்ஐ-யில் இணைந்திருந்தாலும் இதே கதை நடக்கலாம்.

பார்வைக் குறைபாடு உள்ளவர்களுக்குப் பெரிய திரை என்பது ஆடம்பரம் இல்லை, அது இருந்தால்தான் விளையாடவே முடியும். கழுத்து வலி உள்ளவருக்கு நேர் எதிரே இருக்கும் மானிட்டர்தான் வேண்டும். இவர்களுக்கு 'அட்ஜஸ்ட் பண்ணிக்கோங்க' என்று சொல்ல முடியாது.

வேகத்தையும் சொல்லிவிடலாம். 60 ஹெர்ட்ஸ் மானிட்டர் சுமார் 16.7 மில்லி செகண்டுக்கு ஒரு முறை படத்தை மாற்றுகிறது, 144 ஹெர்ட்ஸ் மானிட்டர் சுமார் 6.9 மில்லி செகண்டுக்கு ஒரு முறை. கேம் தப்பான மானிட்டரில் ஓடினால் நீங்கள் கூடுதலாகக் கொடுத்த காசு சும்மா உட்கார்ந்திருக்கிறது என்று அர்த்தம்.

சத்தத்துக்கு உண்டு, படத்துக்கு இல்லை

கேம் கம்பெனிகளைத் திட்டுவது சுலபம். ஆனால் என் பார்வையில் பெரிய கேள்வி மைக்ரோசாஃப்ட்டிடம்தான் கேட்க வேண்டும்.

ஒரே கம்ப்யூட்டரில் பல மானிட்டர் என்பது விண்டோஸ் 98-லேயே வந்த வசதி. கால் நூற்றாண்டுக்கு மேல் ஆகிவிட்டது. 2018 ஏப்ரலில் வந்த விண்டோஸ் 10 அப்டேட்டில் இரண்டு விஷயங்கள் சேர்ந்தே வந்தன. ஒன்று, ஒவ்வொரு ஆப்பின் சத்தமும் எந்த ஸ்பீக்கரில் கேட்க வேண்டும் என்று தனித்தனியாகத் தேர்வு செய்யலாம். இன்னொன்று, எந்த ஆப் எந்த கிராபிக்ஸ் சிப்பில் ஓட வேண்டும் என்று தனித்தனியாகத் தேர்வு செய்யலாம். ஒரு கேமின் சத்தம் எங்கே போக வேண்டும் என்று சொல்லலாம், அதன் படத்தை எந்தச் சிப் வரைய வேண்டும் என்று சொல்லலாம், வரைந்த படம் எந்தத் திரையில் தெரிய வேண்டும் என்று மட்டும் சொல்ல முடியாது. அந்த கிராபிக்ஸ் பக்கத்திலேயே, அதே கேமின் பெயருக்குக் கீழே, இன்னும் ஒரு வரி சேர்த்தால் முடிந்துபோகிற விஷயம் இது.

மற்றவர்கள் செய்யவில்லையா என்றால், செய்கிறார்கள். மேக்கில் இரண்டு மானிட்டர் இணைத்திருந்தால், கீழே டாக்கில் இருக்கும் ஆப்பை ரைட் கிளிக் செய்து, ஆப்ஷன்ஸில் அதை ஒரு குறிப்பிட்ட டிஸ்ப்ளேவுக்கு ஒதுக்க முடியும். லினக்ஸில் கேடிஈ பிளாஸ்மா பயன்படுத்துபவர்கள் 'விண்டோ ரூல்ஸ்' போய், இந்த ஆப் இந்த ஸ்கிரீனில்தான் என்று விதி எழுதி வைக்கலாம். ஃபுல்ஸ்கிரீன் கேம்கள் இரண்டிலும் சில நேரம் அடம்பிடிக்கும்தான். ஆனால் கேட்பதற்கு ஒரு இடமாவது இருக்கிறது. விண்டோஸில் கேட்கவே இடம் இல்லை.

இத்தனைக்கும் மைக்ரோசாஃப்ட்டே இலவசமாகத் தரும் பவர்டாய்ஸ் என்ற ஆப்பில், ஃபேன்சிஜோன்ஸ் பகுதிக்குப் போனால், புதிதாகத் திறக்கும் விண்டோக்களை நீங்கள் இப்போது பயன்படுத்தும் மானிட்டருக்கே கொண்டுவரும் ஒரு சோதனை ஆப்ஷன் இருக்கிறது. ஆபீஸ் ஆப்களுக்கு நன்றாக உதவும், ஃபுல்ஸ்கிரீன் கேம்களுக்கு அதை நம்பிவிட முடியாது. டிஸ்ப்ளேஃப்யூஷன் போன்ற தனி சாஃப்ட்வேர்களும் இருக்கின்றன. இந்தச் சின்ன வேலைக்குத் தனி சாஃப்ட்வேர் என்ற ஒரு சந்தையே உருவாகியிருப்பது, இந்த ஆப்ஷன் எவ்வளவு பேருக்குத் தேவை என்பதைத்தான் காட்டுகிறது.

டெவலப்பர்கள் பக்கம் ஒரு பதில் உண்டு, அதையும் கேட்போம். ஒவ்வொரு மானிட்டருக்கும் ரெசல்யூஷன் வேறு, ரெஃப்ரெஷ் ரேட் வேறு, ஒன்றில் எச்டிஆர் இருக்கும், மற்றதில் இருக்காது. கேம் ஓடும்போதே ஒன்றிலிருந்து இன்னொன்றுக்கு மாற்றினால் இதையெல்லாம் சரிபார்க்க வேண்டும், ஒவ்வொரு கூட்டணியையும் டெஸ்ட் செய்ய வேண்டும். நாலு பேர் சேர்ந்து செய்யும் இண்டி கேமுக்கு அது நிஜமாகவே சுமை. ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஓடும்போதே மாற்றித்தான் ஆக வேண்டும் என்று யாரும் கேட்கவில்லை. 'அடுத்த முறை திறக்கும்போது மாறும்' என்று ஒரு வரி போட்டால்கூடப் போதும். கோடிகளைக் கொட்டி எடுக்கும் பெரிய கேம்களுக்கு இந்தச் சலுகையும் தேவையில்லை.

கேபிளையும் ஒரு முறை பாருங்க

மானிட்டரை மாற்றிவிட்டீர்கள், கேம் சரியான திரையில்தான் ஓடுகிறது, ஆனாலும் மந்தமாக இருக்கிறது என்றால் சிபியூவின் பின்பக்கம் ஒரு பார்வை பாருங்கள். கிராபிக்ஸ் கார்டு தனியாக இருக்கும் கம்ப்யூட்டரில் எச்டிஎம்ஐ துளை இரண்டு இடத்தில் இருக்கும். மேலே யுஎஸ்பி துளைகளோடு சேர்ந்திருப்பது மதர்போர்டுடையது, அதற்குக் கீழே படுக்கை வசத்தில் இருப்பது கிராபிக்ஸ் கார்டுடையது. கேம் ஆடும் மானிட்டரின் கேபிள் கீழே இருப்பதில்தான் போக வேண்டும். மேலே மாட்டியிருந்தால் கார்டு வரைந்த படத்தை இன்னொரு சிப் வழியாகச் சுற்றி அனுப்ப வேண்டியிருக்கும், அல்லது கார்டே வேலை செய்யாமல் இருக்கும்.

பிறகு விண்டோஸின் 'அட்வான்ஸ்டு டிஸ்ப்ளே' பக்கத்தில் அந்த மானிட்டரின் ரெஃப்ரெஷ் ரேட்டைப் பாருங்கள். 144 ஹெர்ட்ஸ் மானிட்டர் வாங்கி, அது 60-லேயே ஓடிக்கொண்டிருப்பது நிறைய வீடுகளில் நடக்கிறது.

லேப்டாப்பில் இந்தக் கதை தலைகீழ். பல கேமிங் லேப்டாப்களில் சொந்த ஸ்கிரீன் பிராசஸருக்குள் இருக்கும் சின்னச் சிப் வழியாகவும், எச்டிஎம்ஐ துளை நேராகப் பெரிய கிராபிக்ஸ் சிப்போடும் இணைந்திருக்கும். அப்படிப்பட்ட லேப்டாப் என்றால் வெளி மானிட்டரில் கேம் கொஞ்சம் வேகமாகவே ஓடும். எல்லா மாடலும் இப்படி இல்லை, வாங்கும்போது கேட்டுக்கொள்வது நல்லது.

மைக்ரோசாஃப்ட்டிடம் நேராகச் சொல்ல நினைத்தால், விண்டோஸ் கீயோடு எஃப் அழுத்தினால் 'ஃபீட்பேக் ஹப்' திறக்கும். டிஸ்ப்ளே பற்றிய பிரிவைத் தேர்வு செய்து எழுதலாம். ஏற்கெனவே யாராவது இதையே எழுதியிருந்தால் புதிதாக எழுத வேண்டாம், அதற்கே ஒரு ஓட்டு போட்டுவிடுங்கள்.